பீட் மண்ணும் பாலே கால்களும்

வணக்கம். ஜெர்மன் நடன இயக்குநர் பினா பௌஷின் ‘வசந்தப் பலி’ நடனத்தைக் காணொளியில் பார்த்தேன். பாதி பாலே, பாதி நவீன நடனம் என்று படித்திருந்தேன். பாலே கண்ணில் படவே இல்லை. மேடை முழுக்க மண்ணைக் கொட்டியது அதிர்ச்சிக்காகத்தானே? பாலே சரியாக வராதவர்கள்தான் இப்படி ஆடப் போகிறார்களா? அடுத்து எதைப் பார்க்கலாம்?

அன்புள்ள நண்பருக்கு,

“பாலே வராதவர்கள்” என்று எழுத உங்களுக்கு எப்படி மனம் வந்தது? பினாவின் வுப்பர்டால் நடனக் குழுவின் அன்றாடப் பயிற்சியே பாலே வகுப்புதான். பாதிப் பாதி என்ற கணக்கைத் தூக்கிப் போடுங்கள்.

யூத சகாக்களை நீக்க மறுத்து 1933இல் ஜெர்மனியை விட்டுப் போன நடன இயக்குநர் குர்ட் யோஸ், 1949இல் எஸ்ஸன் நகருக்குத் திரும்பி ஃபோல்க்வாங் பள்ளியில் மறுபடி நடனம் கற்பித்தார். பாலேவின் கால் ஒழுங்கை எடுத்துக்கொண்டார். நுனிக்கால் காலணியை ஒதுக்கினார். உடல் எடை, வேகம், திசை பற்றிய பாடங்களை அசைவுக் கோட்பாட்டாளர் ருடால்ஃப் லாபானிடமிருந்து பெற்றிருந்தார். 1955இல் அங்கே மாணவியாகச் சேர்ந்தவர்தான் பினா. 1973இல் வுப்பர்டால் குழு அவர் கைக்கு வந்தது. ‘வசந்தப் பலி’ 1975.

மண்ணுக்கு வருவோம். அது சதுப்புநிலத்து பீட் மண். ஒரே ஒரு பெண்ணின் வெறும் பாதங்களை மட்டும் கவனித்துப் பாருங்கள். மரத்தரையில் முழங்காலை மடக்கி உந்தினால் தரை அந்த விசையைத் திருப்பித் தரும். பீட் அதை விழுங்கிவிடும். அதே உயரம் எழும்ப இன்னும் ஆழமாக மடங்க வேண்டும். இறங்கும்போது குதிகால் புதையும், கணுக்கால் பக்கவாட்டில் சாயும். பழகாத கால் அங்கேயே சுளுக்கிக்கொள்ளும். சுழலும்போது முன்பாதம் மண்ணில் சிக்கும். ஆகவே சுழற்சிக்கான விசை இடுப்பிலிருந்தும் முதுகிலிருந்தும் வந்தாக வேண்டும். மண் உலர்ந்திருந்தால் தூசி தொண்டையை அடைக்கும், ஈரம் மிஞ்சினால் வழுக்கும். சீராகப் பரப்பாவிட்டால் மேடும் பள்ளமும் காலை வாரும். பாதி ஆட்டத்திலேயே வியர்வையில் மண் அப்பி, மூச்சிரைப்பு இசையை மீறிக் கேட்கும். அந்தக் களைப்பை யாரும் நடிக்கவில்லை. வசந்தத்துக்குப் பலியாக, ஆடியே சாகத் தேர்ந்தெடுக்கப்படும் பெண்ணின் பயம் பார்ப்பவர் உடம்பில் ஏறுவது அதனால்தான். இதையா அதிர்ச்சி வித்தை என்கிறீர்கள்?

இன்னொன்று. பெண்கள் தம் முழங்கையையே வயிற்றில் குத்திக்கொள்வதுபோல் இறக்கும் அந்த அசைவு. உடல் அங்கே இரண்டாக மடிகிறது. வருடக்கணக்காக நிமிர்த்திப் பழக்கிய முதுகு என்பதால்தான் அந்த முறிவு கடைசி வரிசை வரை தெரிகிறது. நீங்கள் தேடிய பாலே அங்கேதான் இருக்கிறது.

அடுத்து யோஸின் ‘பச்சை மேசை’யைப் பாருங்கள். 1932இல் பாரிஸில் முதல் பரிசு வாங்கிய படைப்பு. இரண்டு பியானோக்கள்தான் இசை. ஒருமுறை ஒலியை நிறுத்திவிட்டு, மரணமாக வருபவரின் கால்களை மட்டும் பாருங்கள். தாளம் புரியும்.

அன்புடன்.