களத்தில் தூக்கம் வருகிறது, வீட்டில் வரவில்லை

டாக்டர், வணக்கம். நான் போர்ச் செய்தி நிருபர், பல வருடமாக இதே வேலைதான். பதுங்குகுழியில், பக்கத்தில் ஷெல் விழுந்துகொண்டிருந்தால்கூட தலை சாய்த்ததும் தூங்கிவிடுகிறேன். வீட்டுக்கு வந்தால் விடியும்வரை கண் மூட முடியவில்லை. ஜன்னலோரம் கிடந்த கட்டிலை உள்சுவர்ப் பக்கம் இழுத்துப் போட்டேன் (குண்டு விழுந்தால் முதலில் சிதறுவது கண்ணாடிதான்), மனைவி கேட்டதற்குக் காற்று அதிகம் என்று சமாளித்தேன். விடுமுறைக்கு எங்கே போகலாம் என்று யாராவது பேச்செடுத்தாலே எரிச்சல். மகனை இழந்த ஓர் அம்மா, பேட்டி முடிந்ததும் நோட்டைக் காட்டச் சொல்லி, பையன் பெயரை ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்துச் சரிபார்த்தார், அழவில்லை. அந்த விரல் கண்ணை விட்டுப் போகமாட்டேன் என்கிறது. இப்போது டெஸ்கில் உட்கார்ந்து, அங்கிருந்து வரும் வீடியோக்கள் உண்மைதானா என்று பார்க்கிறேன். ஆசிரியர் மறுபடி போகிறீர்களா என்கிறார், எனக்கும் ஆசைதான், மனைவி கூடவே கூடாது என்கிறார். போகவா, இல்லை வேலையையே விட்டுவிடவா?

நண்பருக்கு,

இப்போதைக்கு இரண்டும் வேண்டாம். தூக்கமில்லாமல் எடுக்கும் முடிவை நான் நம்பமாட்டேன்.

உங்கள் உடல் எந்நேரமும் உஷாராக இருக்கிறது. களத்தில் அந்த உஷாருக்கு வேலை உண்டு, சுற்றியிருப்பவர்களும் அப்படியே இருப்பதால் வித்தியாசம் தெரிவதில்லை. வீட்டில் அதற்கு வேலை இல்லை, ஆனாலும் அடங்காமல் ஆபத்தைத் தேடிக்கொண்டே இருக்கிறது. திரும்பப் போனால் சரியாகிவிடும் என்று தோன்றுவது இதனால்தான். சரியாகாது, வெளியே தெரியாது, அவ்வளவே.

டொராண்டோ மனநல மருத்துவர் ஆண்டனி ஃபைன்ஸ்டைன் 2002இல் வெளியிட்ட ஆய்வில், நேர்காணல் செய்யப்பட்ட போர் நிருபர்களில் சுமார் 29 சதவீதம் பேருக்கு வாழ்நாளில் எப்போதாவது பிடிஎஸ்டி (அதிர்ச்சிக்குப் பிந்தைய மன அழுத்தக் கோளாறு) இருந்திருக்கிறது. எனக்கு அதைவிட உறுத்தியது, மற்ற நிருபர்களைவிட அவர்கள் அதிகமாகச் சிகிச்சைக்குப் போகவில்லை என்பது. உங்களுக்கு அதுதான் என்று ஒரு கடிதத்தை வைத்துச் சொல்லிவிட முடியாது; ஆனால் அதிர்ச்சிக்குப் பிந்தைய சிகிச்சையில் அனுபவமுள்ள ஒருவரை நேரில் பாருங்கள், இதற்கென்றே சிபிடி (எண்ணப்போக்கை மாற்ற உதவும் பேச்சுச் சிகிச்சை), இஎம்டிஆர் (கண்களை அசைத்தபடி அதிர்ச்சி நினைவைக் கையாளும் சிகிச்சை) போன்ற முறைகள் இருக்கின்றன. கட்டிலை நகர்த்திய காரணத்தை மனைவியிடம் சொல்லிவிடுங்கள். அவர் வேறு ஏதேதோ ஊகித்துக்கொண்டிருப்பார்.

டெஸ்க் வேலையை ஓய்வு என்று நினைக்காதீர்கள். வேலைக்காகக் கோரக் காட்சிகளைத் திரும்பத் திரும்பப் பார்ப்பதையும் 2013இல் வந்த டிஎஸ்எம்-5 என்ற அமெரிக்க மனநோய் கண்டறியும் கையேடு இந்தப் பாதிப்புக்கான காரணமாக எடுத்துக்கொள்கிறது. ஒலியை நிறுத்திவிட்டு, திரையைச் சின்னதாக்கிப் பாருங்கள். நாள் முழுக்க விட்டுவிட்டுப் பார்க்காமல் ஒரே வேளையில் முடித்துவிடுங்கள், ராத்திரியில் வேண்டவே வேண்டாம்.

அப்புறம், போகிற ஆசை. எந்தச் செய்திக்காகப் போக நினைக்கிறீர்கள் என்று கேட்டால் உங்களால் ஒரு பதில் சொல்ல முடிகிறதா? முடிந்தால் அது தொழில் ஆசை, பிற்பாடு போகலாம். எங்காவது போனால் போதும், இங்கே இருக்க முடியவில்லை என்றுதான் வருகிறது என்றால், ஆசிரியரிடம் இந்த முறை வேறு ஆளை அனுப்பச் சொல்லுங்கள். காரணமாக உடல்நலம் என்று சொன்னால் போதும், விளக்கம் தரவேண்டியதில்லை.