இந்தோனேசியாவில் ஆலை வேலை, கூலி வேலை பார்ப்பவர்கள் என்ன பாட்டு கேட்பார்கள்?

ஜாவாவைப் பற்றி மட்டும் சொல்கிறேன். சோலோ நகருக்குப் பக்கத்தில் ஒரு நூற்பாலையில் வேலை பார்த்தவன் நான். ஷிஃப்ட் முடிந்து தள்ளுவண்டிக் கடையில் டீ குடிக்க உட்கார்ந்தால், பெரும்பாலும் டிடி கெம்போட்டின் குரல்தான் கேட்கும்.

1966-ல் சோலோவில் பிறந்தவர். 1980களில் சோலோவிலும் ஜகார்த்தாவிலும் தெருவில் பாடிப் பிழைத்தவர். நடைபாதையில் கூடப் பாடிய குழுவின் பெயரையே தன் பெயரோடு கடைசிவரை வைத்திருந்தார். கேமலான் என்னும் ஜாவாவின் பாரம்பரிய வாத்தியக் குழுவின் மெட்டும் கீபோர்டும் கலந்த சம்பூர்சாரி இசை. பாட்டு இந்தோனேசிய மொழியில் இருக்காது. வீட்டில் பேசும் ஜாவானியத்தில்தான் இருக்கும்.

அவரை எல்லோரும் காதல் தோல்விப் பாடகர் என்பார்கள். எனக்கு அவை பிழைப்புப் பாட்டுகளாகவே கேட்கும். அவருடைய புகழ்பெற்ற பாட்டு சோலோவின் பாலாபான் ரயில் நிலையத்தைப் பற்றியது. கொஞ்ச நாளில் வந்துவிடுவதாகச் சொல்லி ரயிலேறியவள் திரும்பவே இல்லை. இன்னொன்று திர்த்தோனாடி பஸ் நிலையத்தில் நடக்கிறது, மற்றொன்று செமாராங் துறைமுகத்தில். ஏன் இப்படி நிலையம் நிலையமாகப் பாடினார்? அந்தப் பக்கத்து ஜனங்கள் பிரிவது அங்கேதான். எங்கள் ஆலையில் வொனோகிரி ஊர்ப் பெண்கள் நிறைய. அவர்களில் பலருடைய கணவனோ அண்ணனோ ஜகார்த்தாவில் தெருத்தெருவாக இறைச்சி உருண்டை சூப் விற்றுக்கொண்டிருந்தார்கள். பெருநாளுக்குத்தான் ஊருக்கு வருவார்கள். அந்தப் பெண்கள் கூடச் சேர்ந்து பாடும்போது யாரை நினைத்துப் பாடுகிறார்கள் என்று கேட்கத் தேவையே இல்லை. ஜாவாவின் வடக்குக் கடற்கரையில் இந்திரமாயு பக்கம் போனால் தார்லிங் என்ற இசை. அங்கே வீட்டுவேலைக்காக சவுதிக்கும் தைவானுக்கும் போன பெண்களே பாட்டாகிவிட்டார்கள்.

அப்புறம் கொப்லோ. டாங்டுட் என்னும் இந்தோனேசிய ஜனரஞ்சக ஆட்ட இசையை இன்னும் வேகமாக்கி, கெண்டாங் மத்தளத்தை முன்னால் நிறுத்திய கிழக்கு ஜாவா பாணி. கல்யாண மேடைகளிலும் திருட்டு விசிடிகளிலும் வளர்ந்தது. ஆடுபவர்கள் மேடையேறி பாடகியின் கையில் பண நோட்டு கொடுப்பார்கள். பாசுருவான் ஊரிலிருந்து வந்த கொப்லோ பாடகி இனுல் டாராடிஸ்டா 2003-ல் நாடு முழுக்கத் தெரிந்தவரானபோது, டாங்டுட்டின் பெரிய நட்சத்திரமான ரோமா இராமாவே அவர் ஆட்டத்தைக் கடுமையாகக் கண்டித்தார். ஒழுக்கம் என்றுதான் சொன்னார்கள். ஏழைகளின் கொண்டாட்டத்தை மேலிருந்து பார்த்த பார்வையும் அந்தச் சண்டையில் இருந்தது என்றே நினைக்கிறேன். அதே கொப்லோ 2022 ஆகஸ்ட் 17, சுதந்திர தினத்தன்று ஜனாதிபதி மாளிகைக்குள் போனது. பன்யுவாங்கிச் சிறுவன் ஒருவன் ஜாவானியத்தில் பாட, அமைச்சர்கள் எழுந்து ஆடினார்கள்.

டிடி கெம்போட் 2020 மே 5-ல் காலமானார். அதற்குச் சில வாரம் முன்புதான் கொரோனா நிவாரணத்துக்காக வீட்டிலிருந்தே கச்சேரி நடத்திப் பணம் திரட்டிக் கொடுத்திருந்தார்.

கேட்டுப் பார்க்க நினைத்தால் 'ஸ்தாசியுன் பாலாபான்' பாட்டில் தொடங்குங்கள். முதலில் அவர் பாடியது, பிறகு அதன் கொப்லோ வடிவம் ஏதாவது ஒன்று. அதே சோகத்துக்கு ஒரு ஊரே எழுந்து ஆடுவது எப்படி என்று அப்போது புரியும்.