மீதிப் பணத்துக்காக என்ஓசியில் கையெழுத்துப் போடலாமா?

கேள்வி: கோத்தகிரியில் வீட்டிலேயே சின்ன ஸ்டுடியோ வைத்திருக்கிறேன். குறைந்த பட்ஜெட் பேய்ப் படம் ஒன்றுக்குப் பின்னணி இசை அமைத்தேன். பேசியது ஒன்றரை லட்சம், வந்தது 40,000. ஒப்பந்தம் எழுதவில்லை, எல்லாம் வாட்ஸ்அப்தான். படம் போன வருடம் ஓடிடியில் வந்துவிட்டது. இப்போது தயாரிப்பாளர் தன் அடுத்த படத்தின் டிரெய்லரிலும் அதே இசையைப் போட்டிருக்கிறார். என் பெயர் இல்லை. முழு உரிமையும் அவருக்கே, எனக்கு ஆட்சேபணை இல்லை என்று என்ஓசி எழுதித் தந்தால்தான் மீதியாம். போடலாமா?

பதில்: போடாதீர்கள் தம்பி. அந்தக் கையெழுத்து கிடைக்காதவரை இசை உங்களுடையது.

காசு கொடுத்து இசையமைக்கச் சொன்ன தயாரிப்பாளரே முதல் உரிமையாளர் என்று உச்ச நீதிமன்றம் 1977-ல் சொன்னது உண்மைதான். பல தயாரிப்பாளர்கள் இன்னும் அந்தக் காலத்திலேயே நிற்கிறார்கள். 2012-ல் பதிப்புரிமைச் சட்டத்தின் 17-வது பிரிவைத் திருத்தியதோடு அது போயிற்று. 19-வது பிரிவின்படி, எழுத்தில் கையெழுத்தாகாமல் உரிமை கைமாறாது. வாய்ப்பேச்சில் அவருக்குக் கிடைத்தது, அந்த ஒரு படத்தில் பயன்படுத்தும் அனுமதி மட்டும். டிரெய்லரில் போட்டது உரிமை மீறல். பெயர் போடச் சொல்லும் உரிமை 57-வது பிரிவில் தனியாக இருக்கிறது.

தியேட்டரில் படத்தோடு ஓடுவது போக, மற்ற எல்லாப் பயன்பாட்டிலும் ராயல்டியில் உங்களுக்குச் சமபங்கு உண்டு. அதை நீங்களே விட்டுக்கொடுத்தாலும் 18-வது பிரிவின்படி செல்லாது. அதற்காகத் தைரியமாகக் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள்; டிரெய்லரைத் தடுக்கும் பிடி கையைவிட்டுப் போய்விடும்.

“கதவு திறக்குற இடத்துல இன்னும் ஏத்துங்க, மீதி ஒண்ணு பத்தை சென்சார் முடிஞ்சதும் தந்துடுறேன்” என்று அவர் அனுப்பிய வாய்ஸ் மெசேஜைக் கேட்டேன். வேலை, பாக்கி இரண்டையும் அவர் வாயாலேயே ஒப்புக்கொள்கிறார். அந்த போனை ரீசெட் செய்யாதீர்கள், விற்காதீர்கள். 2023 சாட்சியச் சட்டத்தின் 63-வது பிரிவுப்படி அந்த மெசேஜைச் சான்றிதழோடு தாக்கல் செய்ய வேண்டும். தேதியோடு இருக்கும் புராஜெக்ட் ஃபைல்களையும் காப்பி எடுத்து வையுங்கள்.

ஒரு காட்சிக்கு, நீலகிரிப் பழங்குடியினரான கோத்தர் பெரியவர் ஒருவரைக் குழல் ஊதவைத்துப் பதிவு செய்ததாக எழுதியிருக்கிறீர்கள். 38-வது பிரிவு அவருக்கும் கலைஞர் என்ற உரிமையை 50 ஆண்டுகளுக்குத் தருகிறது. டிரெய்லரில் அவர் வாசிப்பும் இருந்தால் அவரும் வழக்கில் சேரலாம். அவரிடம் நீங்கள் எழுத்தில் சம்மதம் வாங்கினீர்களா? இல்லையென்றால் அவருக்குச் சேர வேண்டியதை முதலில் பேசி முடியுங்கள். உங்களுக்கு நடந்தது அவருக்கு நடக்கக் கூடாது.

வக்கீல் நோட்டீஸ் உடனே போகட்டும். பாக்கிக்குக் காலவரம்பு மூன்று ஆண்டு. நோட்டீஸ் அனுப்பியதால் அது நிற்காது. உரிமை மீறல் வழக்கை 62-வது பிரிவின்கீழ் நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே, ஊட்டியில் போடலாம். அவருடைய அடுத்த படம் வெளியாகும் முன்பே இடைக்காலத் தடை கேளுங்கள்.

அவர் சமாதானத்துக்கு வந்தால் எந்தப் படம், எத்தனை வருடம், எந்தெந்த நாடு, எவ்வளவு தொகை என்று பிரித்து எழுதி, பணம் வங்கிக் கணக்கில் ஏறிய பிறகு கையெழுத்திடுங்கள்.