பயாஸ் பாஸ்வேர்ட் மறந்துபோச்சு, லேப்டாப்ப எப்படி தொறக்குறது?

கேள்வி: எங்க காக்கா சவூதி போறப்ப அவரோட பழைய திங்க்பேட் லேப்டாப்ப எங்கிட்ட குடுத்துட்டு போனாரு. ஆன் பண்ணா விண்டோஸ் வர்றதுக்கு முன்னாடியே பூட்டு படம் போட்டு பயாஸ் (மெஷின ஆரம்பிச்சு வைக்கிற உள் புரோகிராம்) பாஸ்வேர்ட் கேக்குது, அவருக்கும் ஞாபகம் இல்லயாம். உள்ள இருக்குற சின்ன பேட்டரிய கழட்டி மாட்டுனா போயிரும்னு கடையில சொல்றாங்க. செய்யலாமா? வாப்பாவோட கடை கணக்கு பூரா அதுலதான் இருக்கு.
- வாசகர், கீழக்கரை

பதில்: பேட்டரில கை வைக்காதீங்க தம்பி, மொதல்ல வாப்பா கணக்க வெளிய எடுங்க, லேப்டாப்ப அப்புறம் பாத்துக்கலாம்.

அந்தப் பூட்டுக்கு பக்கத்துல உருளை மாதிரி படம் இருக்கான்னு பாருங்க. இருந்தா அது ஹார்ட் டிஸ்குக்கே போட்ட பாஸ்வேர்ட், டிஸ்க கழட்டி வேற மெஷின்ல மாட்டுனாலும் தொறக்காது, காக்காவ உக்கார வச்சு அவர் வழக்கமா போடுறத எல்லாம் யோசிக்கச் சொல்றதுதான் வழி. அது இல்லன்னா நல்ல சேதி, டிஸ்க மட்டும் கழட்டி யுஎஸ்பி கேஸ்ல (டிஸ்க யுஎஸ்பி வழியா சொருக உதவுற பெட்டி) போட்டு இன்னொரு கம்ப்யூட்டர்ல சொருகுனா கணக்க காப்பி பண்ணிரலாம். சொருகுனதும் பிட்லாக்கர் (டிஸ்குக்கு விண்டோஸ் போடுற பூட்டு) கீ கேட்டா பயப்படாதீங்க, அந்த 48 இலக்க எண்ணு பெரும்பாலும் காக்காவோட மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட்லயே இருக்கும், சவூதில இருந்தே போன்ல லாகின் பண்ணி பாத்து சொல்லிரலாம்.

இப்ப பேட்டரி விஷயம். சூப்பர்வைசர் பாஸ்வேர்ட் (பயாஸ் செட்டிங்க காக்குறது) வைக்காம பவர் ஆன் பாஸ்வேர்ட் (ஆன் பண்ணதும் கேக்குறது) மட்டும் வச்சிருந்தா பழைய மாடல்கள்ல அந்த வேலை எடுபடும். ஆனா சூப்பர்வைசர் பாஸ்வேர்ட் மதர்போர்டுல இருக்குற தனி சிப்புல பதிஞ்சிருக்கு, கரண்டே இல்லாட்டியும் அழியாது, நாள் கணக்கா பேட்டரிய கழட்டி வச்சாலும் அது அப்படியேதான் இருக்கும். நம்ம கடலோரத்துல இன்னொரு தொல்லை, உப்புக்காத்து பட்டு அந்தக் குட்டி பேட்டரியோட ரெண்டு ஒயரு போற பிளக்குல பச்சை பூத்துக் கிடக்கும், அவசரமா இழுத்தா ஒயரு கையோட வந்துரும், அதனால யாரு தொறந்தாலும் மெதுவா நெம்பி எடுக்கச் சொல்லுங்க. சிப்ப கழட்டி மாத்தி எழுதுறோம்னு சொல்ற கடைங்களும் உண்டு, கணக்க எடுக்கற வரைக்கும் அவங்ககிட்ட குடுக்கவே குடுக்காதீங்க, சூடு கொஞ்சம் கூடுனா போர்டே போயிரும்.

சூப்பர்வைசர் பாஸ்வேர்ட் மறந்தா மதர்போர்டு மாத்தணும்னுதான் திங்க்பேட் கம்பெனியான லெனோவோவே சொல்லுது. டெல் லேப்டாப்பா இருந்தா வாங்குன ஆதாரத்த காட்டி கம்பெனிகிட்ட கேட்டுப் பாக்கலாம், இன்டெல் சிப் போட்ட மேக்புக்குக்கும் அப்படித்தான், ஒரிஜினல் பில்லோட ஆப்பிள் சர்வீஸுக்கு போகணும். உங்களது பழைய திங்க்பேட், போர்டு விலைய கேட்டுட்டு அந்தக் காசுக்கு அது தகுமான்னு யோசிங்க. மாத்துறதா இருந்தா அந்த 48 இலக்க எண்ண கையில வச்சுக்கிட்டு போங்க, போர்டு மாறுனா பிட்லாக்கர் திரும்பவும் அதக் கேக்கும்.