யன், யான், ஹொன்ஸ: பேரன் பெயர் ஒன்றா, மூன்றா?

கேள்வி: என் மகள் செக் குடியரசில் பிர்னோ நகரில் இருக்கிறாள். மருமகன் அந்த ஊர்க்காரர். அடுத்த மாதம் பேரன் பிறக்கப்போகிறான். மருமகனின் தாத்தா பெயரையே வைக்க முடிவு செய்திருக்கிறார்கள். ஆங்கிலத்தில் ஜே, ஏ, என் என்று மூன்றே எழுத்து. இங்கே சிலர் 'ஜன்' என்கிறார்கள், சிலர் 'ஜான்' என்கிறார்கள். வீடியோ அழைப்பில் அவர்களோ அந்தத் தாத்தாவை 'ஹொன்ஸ' என்று ஏதோ சொல்கிறார்கள். இந்தப் பெயருக்கு என்ன பொருள்? வெள்ளிக் கிண்ணத்தில் தமிழில் பெயர் பொறித்துக் கொண்டுபோக ஆசை. ஆசாரியிடம் எப்படி எழுதிக் கொடுக்க?

பதில்: அம்மா, முதலில் வாழ்த்துகள். பேரன் வருவதற்குள் அவன் பெயரைச் சரியாகச் சொல்லக் கற்றுக்கொள்ள வேண்டும் என்று நினைக்கிறீர்களே, அதுவே பெரிய சீர்.

செக் மொழியில் அந்த ஜே எழுத்துக்கு 'ய' என்றுதான் ஒலி. நடுவில் வருவது குறில். ஆகவே பெயர் 'யன்'. ஐயன், சுப்பையன் என்று சொல்லும்போது கடைசியில் வருகிற 'யன்' இருக்கிறதே, அதேதான். பக்கத்து நாடான ஸ்லோவாக்கியாவில் இதே பெயரை நெடிலாக 'யான்' என்பார்கள். எழுதும்போது 'ஏ' எழுத்தின் தலையில் சாய்வாக ஒரு சிறு கோடு போடுவார்கள். நமக்குக் குறில், நெடிலுக்கு வேறு வேறு எழுத்து இருப்பதுபோல அவர்களுக்கு அந்தக் கோடு. பிர்னோவில் ஸ்லோவாக்கியர்களும் நிறைய உண்டு. அதனால் ஆசாரியிடம் போவதற்கு முன் மகளிடம் ஒரு வார்த்தை கேளுங்கள்: "தலையில் கோடு உண்டா, இல்லையா?" கோடு இருந்தால் 'யான்', இல்லையென்றால் 'யன்'. 'யான்' என்றால் பழந்தமிழில் 'நான்' என்றும் பொருள் வரும். அது வெறும் ஒலிப் பொருத்தம், இந்தப் பெயருக்கும் அதற்கும் உறவில்லை.

சரி, பொருளுக்கு வருவோம். மூலம் எபிரேய மொழியின் 'யோஹானான்'. கடவுள் அருள்கூர்ந்தார் என்று அர்த்தம். கிரேக்கத்தில் அது 'யோவான்னேஸ்' ஆனது, லத்தீனில் 'யோஹான்னெஸ்' ஆனது. தமிழ் விவிலியத்தில் நாம் படிக்கிற யோவான் இதுவே. செக் மக்களின் வாயில் அந்த நீளப் பெயர் தேய்ந்து தேய்ந்து 'யன்' என்ற ஓரசையில் வந்து நின்றது. ஆங்கில ஜான், ரஷ்ய இவான் எல்லாம் இதன் சகோதரர்கள்.

அப்படியானால் 'ஹொன்ஸ' எங்கிருந்து வந்தது? பிராக் நகரில் நான் தங்கிய முதல் வாரத்தில் இதே குழப்பம் எனக்கும் வந்தது. அறைக் கதவில் 'யன்' என்று பெயர்ப்பலகை. உள்ளே இருந்தவரை எல்லோரும் 'ஹொன்ஸொ, ஹொன்ஸொ' என்று கூப்பிட்டார்கள். இரண்டு பேர் என்றே சில நாள் நினைத்திருந்தேன். ஒரே ஆள்தான். யோஹான்னெஸ் ஜெர்மானியர்களிடம் போய் ஹன்னெஸ், ஹன்ஸ் என்று சுருங்கியது. நூற்றாண்டுகளாக ஒரே ஊரில் கலந்து வாழ்ந்த செக் மக்கள் அதை வாங்கி 'ஹொன்ஸ' ஆக்கிக்கொண்டார்கள். ஒரே பெயர் இரண்டு வழியாக வீட்டுக்குள் வந்திருக்கிறது. யன் என்பது பதிவேட்டுக்கும் பாஸ்போர்ட்டுக்கும். ஹொன்ஸ என்பது அடுப்படிக்கும் விளையாட்டுத் திடலுக்கும். குழந்தை சின்னவனாக இருக்கும்போது ஹொன்ஸீக், யெனீக், யெனீச்செக் என்று இன்னும் குழைவார்கள். ஸ்லோவாக்கியாவில் யங்கோ என்பார்கள்.

நான் சொன்னதில் ஒன்றைக் கவனித்தீர்களா? பெயர் 'ஹொன்ஸ', கூப்பிடும்போது 'ஹொன்ஸொ'. முருகனை 'முருகா' என்று நாம் விளிக்கிறோமே, அதே விளி வேற்றுமை செக் மொழியிலும் உயிரோடு இருக்கிறது. யன் என்பவனைக் கூப்பிட்டால் 'யனெ!' என்று வரும். மற்ற வேற்றுமைகளும் பெயரோடு ஒட்டிக்கொள்ளும். அதனால் சம்பந்தி வீட்டிலிருந்து வரும் செய்தியில் 'யன' என்று இருந்தால் யாரோ பெண் பிள்ளை என்று பதறாதீர்கள். 'யனை' என்கிற இடத்தில் அவர்கள் அப்படித்தான் எழுதுவார்கள். 'யன' என்று தனியாக ஒரு பெண்பெயரும் உண்டு என்பதால்தான் இதைச் சொல்லிவைக்கிறேன். ஆங்கிலம் பேசும் நாடுகளிலும் இதே மூன்றெழுத்தைப் பெண்பெயராக எடுத்துக்கொள்வதுண்டு. பையன் வளர்ந்து அங்கே போனால் ஒரு தடவை விளக்க வேண்டிவரும், அவ்வளவுதான்.

பெயர் சின்னது, ஆனால் அந்த நாட்டில் அதன் கனம் வேறு. யன் ஹுஸ் என்ற சமயச் சீர்திருத்தவாதியை 1415 ஜூலை 6 அன்று கான்ஸ்டன்ஸ் நகரில் உயிரோடு எரித்தார்கள். இன்றும் செக் குடியரசில் அந்த நாள் பொது விடுமுறை. 1393-இல் பிராக் ஆற்றில் தள்ளிக் கொல்லப்பட்ட நெபோமுக் ஊர் யன், கத்தோலிக்கர்களுக்குப் புனிதர். தலையைச் சுற்றி ஐந்து நட்சத்திரங்களோடு பாலத்துக்குப் பாலம் அவர் சிலை நிற்கும். கல்வியாளர் யன் ஆமோஸ் கோமென்ஸ்கீ பிறந்த மார்ச் 28 அங்கே ஆசிரியர் தினம். 1969 ஜனவரியில், நாட்டைச் சோவியத் படைகள் ஆக்கிரமித்திருந்ததை எதிர்த்து, பிராக் நகரின் நடுச் சதுக்கத்தில் யன் பாலாஹ் என்ற 20 வயது மாணவர் தீக்குளித்தார். அந்தச் சதுக்கத்தைக் கடக்கும்போதெல்லாம் எனக்கு மனம் கனக்கும். உங்கள் சம்பந்தி வீட்டார் தாத்தாவை நினைத்துத்தான் பெயர் வைக்கிறார்கள். ஆனால் அந்தப் பெயரைக் கேட்கிற செக்காரர் மனசில் இவர்களும் வந்து போவார்கள்.

நாட்டுப்புறக் கதைகளிலும் ஒரு ஹொன்ஸ இருக்கிறான். அடுப்புக்குப் பின்னால் சோம்பிக் கிடப்பான், மூட்டையில் இனிப்பு பன்களைக் கட்டிக்கொண்டு உலகம் பார்க்கக் கிளம்புவான், கடைசியில் இளவரசியையே மணந்து வருவான். 'மண்டு ஹொன்ஸ' என்று அவனுக்குப் பெயர். யாராவது பேரனைச் செல்லமாக அப்படிச் சொன்னால் வருத்தப்படாதீர்கள்.

அங்கே பிறந்தநாளோடு பெயர்நாளும் கொண்டாடுவார்கள். நாட்காட்டியில் தேதிக்குத் தேதி ஒரு பெயர் அச்சிட்டிருக்கும். திருமுழுக்கு யோவானின் திருநாளான ஜூன் 24, இரு நாடுகளிலும் இந்தப் பெயருக்கு உரியது. அன்று மறக்காமல் அழையுங்கள்.

இனி நீங்கள் கேட்காத ஒன்று. இந்தப் பெயருக்குத் தமிழில் ஏற்கெனவே ஒரு சொல் உண்டு. நம் கத்தோலிக்கர்கள் யோவானை 'அருளப்பர்' என்றார்கள். 1693-இல் ராமநாதபுரம் சீமையின் ஓரியூரில் கொல்லப்பட்ட போர்ச்சுக்கல் துறவி ஜான் தெ பிரிட்டோவை 'அருளானந்தர்' என்கிறோம். யோஹானான் என்பதில் உள்ள அருளைத்தான் பெயருக்குள் கொண்டுவந்தார்கள். உங்கள் பேரனை வீட்டில் 'அருள்' என்று கூப்பிட்டால் வேறு பெயர் வைத்ததாக ஆகாது, அதே பெயரைத் தமிழில் சொன்னதாகத்தான் ஆகும். செக் சட்டப்படி பிறப்புப் பதிவில் இரண்டு பெயர் எழுதலாம். மகளும் மருமகனும் விரும்பினால் இரண்டாவதாக இதைச் சேர்க்கலாம். அங்கே பழக்கமில்லாத பெயருக்குப் பதிவு அலுவலகம் மொழி வல்லுநரின் கருத்துக் கேட்பதும் உண்டு. அதனால் பிரசவத்துக்கு முன்பே விசாரித்துவிடச் சொல்லுங்கள்.

ஆசாரியிடம் கிண்ணத்தின் ஒரு பக்கம் 'யன்' என்று பொறிக்கச் சொல்லுங்கள். தலையில் கோடு உண்டு என்று மகள் சொன்னால் மட்டும் ஒரு கால் சேர்த்து 'யான்'. மறுபக்கம் 'அருள்'.