50 மீட்டரில் வேகம் இல்லாத பெண்ணை 800 மீட்டர் ஃப்ரீஸ்டைலுக்கு மாற்றலாமா?

மகளுக்கு 12 வயது, 50 மீட்டரில் எப்போதும் கடைசி இரண்டு மூன்று பேரில் ஒருத்தியாகத்தான் வருகிறாள், அமெரிக்க நீச்சல் வீராங்கனை கேட்டி லெடெக்கி மாதிரி நீண்ட தூரத்துக்கு மாற்றினால் தேறுவாளா என்று கேட்டிருக்கிறீர்கள். இந்த யோசனை உங்களுடையதாக இருக்காது. கேலரியில் பக்கத்தில் உட்கார்ந்திருந்த யாரோ "ஸ்பீடு இல்லேன்னா டிஸ்டன்ஸ்ல போடுங்க சார்" என்று சொல்லியிருப்பார்கள். எல்லாக் குளத்தங்கரையிலும் இதைச் சொல்ல ஒருவர் இருக்கிறார். மாற்றுவது தப்பில்லை. ஆனால் அதற்குச் சொல்லும் காரணம் தப்பு.

லெடெக்கியின் கணக்கையே பார்ப்போம். 2016 ரியோ ஒலிம்பிக்கில் 200, 400, 800 மூன்றிலும் அவருக்குத் தங்கம். நேரங்கள் 1:53.73, 3:56.46, 8:04.79. ஒவ்வொன்றையும் நூறு மீட்டருக்கு வகுத்தால் 56.9, 59.1, 60.6 நொடி வரும். 200-ல் உயிரைக் கொடுத்துப் போகிற வேகத்துக்கும் 800 முழுக்க இழுத்துப் பிடிக்கிற வேகத்துக்கும் இடையில் நூறு மீட்டருக்கு 4 நொடிகூட இல்லை. அதே ரியோவில் 4×100 ரிலேயில் கடைசி ஆளாக இறங்கி 53 நொடிக்குள் முடித்தார். ரிலேயில் இறங்கும்போது தொடக்கத்தில் கொஞ்சம் ஆதாயம் உண்டு என்பது தெரியும், அதைச் சொல்லிக்கொண்டு யாரும் வர வேண்டாம். இவ்வளவு வேகம் கையிருப்பில் இருப்பதால்தான் 60.6 அவருக்கு நிதானமான வேகமாக இருக்கிறது. நூறு மீட்டரை 58 நொடியில் முடிக்க முடியாத ஒருவருக்கு அதே 60.6 மூன்றாவது நூறிலேயே மூச்சை வாங்கிவிடும்.

இதே கணக்கை உங்கள் மகளுக்கும் போடலாம். வெவ்வேறு நாட்களில் ஒரு 200, ஒரு 800 முழு வேகத்தில் நீந்தச் சொல்லுங்கள். 200-க்கு 2:30 ஆனால் நூறுக்கு 75 நொடி. 800-க்கு 11:20 ஆனால் நூறுக்கு 85. இடைவெளி 10 நொடி, அதாவது வேகம் இருக்கிறது, தாங்கும் சக்தி இல்லை. இப்படிப்பட்ட பிள்ளைக்குத்தான் நீண்ட தூரப் பயிற்சி பலன் தரும். அதே 2:30-க்கு 800 மீட்டர் 10:40-ல் முடிந்தால் இடைவெளி 5 நொடிதான். அவளிடம் இன்னும் நாலு கிலோமீட்டர் வாங்கிப் பயனில்லை. 25, 50 மீட்டர் துண்டுகளில் வேகத்தைத்தான் கூட்ட வேண்டும். 25 மீட்டர் குளத்து நேரத்தையும் 50 மீட்டர் குளத்து நேரத்தையும் கலந்துவிடாதீர்கள். சின்னக் குளத்தில் 800-க்கு 31 டர்ன் (சுவரில் திரும்புவது), பெரிய குளத்தில் 15. ஒவ்வொரு டர்னிலும் சுவரை உதைப்பதே இலவச வேகம்.

பயிற்சி வேகத்தைக் கண்டுபிடிக்க எளிய வழி ஒன்று உண்டு. 400 மீட்டர் நேரத்திலிருந்து 200 மீட்டர் நேரத்தைக் கழித்து இரண்டால் வகுக்க வேண்டும். 400-க்கு 5:20, 200-க்கு 2:32 என்றால் மிச்சம் 168 நொடி, பாதி 84. நூறுக்கு 1:24. இந்த வேகத்தில் பத்து நூறுகள், நடுவில் 15 நொடி ஓய்வு. எங்கே கெடும் தெரியுமா? முதல் மூன்றை 1:19-ல் பறந்துவிட்டுக் கடைசி மூன்றை 1:29-ல் இழுப்பார்கள். சராசரி சரியாக வரும், கோச்சும் "குட்" என்பார். ஆனால் அன்றைக்கு அந்தப் பிள்ளை கற்றுக்கொண்டது முன்னால் பாய்ந்து பின்னால் சாவதைத்தான். பத்தையும் தனித்தனியாக நோட்டில் எழுதுங்கள். பத்தும் ஒன்றரை நொடிக்குள் அடங்கினால்தான் செட் தேறியது.  

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்லாமல் போக முடியவில்லை. லெடெக்கியின் 8:04.79-ஐப் பத்திரிகைகளில் "8.04 நிமிடம்" என்று அச்சடிக்கிறார்கள். 8.04 நிமிடம் என்றால் 8 நிமிடம் இரண்டு நொடி சொச்சம், அய்யா! நூறில் ஒரு நொடிக்குப் பதக்கம் கை மாறுகிற விளையாட்டில் இரண்டு நொடியைப் புள்ளி வைத்தே விழுங்குகிறார்கள். தலைப்பு மட்டும் தவறாமல் "தங்க மீன்". மீன் எந்தக் காலத்தில் டர்ன் போட்டது?

சரி, ஸ்ட்ரோக்குக்கு வருவோம். லெடெக்கியின் ஸ்ட்ரோக் சீராக இருக்காது. வலப்பக்கம் மூச்சு எடுக்கும்போது இடக்கை முன்னால் கொஞ்சம் கூடுதலாக நீண்டு நிற்கும், பிறகு உடம்பு முழுக்க அதன் மேல் ஏறிச் சரியும், குதிரை நாலுகால் பாய்ச்சலில் போவதுபோல. இதைப் பார்த்துவிட்டு 12 வயதுப் பிள்ளைக்கு அப்படியே சொல்லிக்கொடுக்காதீர்கள். இடுப்பும் நடுவுடம்பும் உறுதியாக இல்லாமல் நொண்டினால், நீட்டிய கை தண்ணீரை அழுத்திக் கீழே போகும், கால் மூழ்கும். முதலில் சரிசெய்ய வேண்டியது மூன்றுதான். கை தோளுக்கு நேர் முன்னால், விரல் நுனி முதலில் இறங்க வேண்டும். நடுக்கோட்டைத் தாண்டி எதிர்ப்பக்கம் போனால் இடுப்பு பாம்பாக நெளியும். கட்டைவிரல் முதலில் இறங்கினால் தோள் உள்பக்கம் திருகும், நீண்ட தூரத்தில் தோள்வலி பெரும்பாலும் இங்கேதான் தொடங்குகிறது. அடுத்து, இழுக்கும்போது முழங்கை உயரத்தில் நிற்க, முன்கை செங்குத்தாகத் தண்ணீரைப் பிடிக்க வேண்டும். முழங்கை தொங்கிவிட்டால் தண்ணீர் நழுவும், ஸ்ட்ரோக் எண்ணிக்கை ஏறும். மூன்றாவது மூச்சு: நீச்சல் கண்ணாடியின் ஒரு பக்கம் தண்ணீருக்குள்ளேயே இருக்க வேண்டும், முகம் உள்ளே இருக்கும்போதே காற்றை விட்டுக்கொண்டிருக்க வேண்டும். மூன்று கைக்கு ஒரு மூச்சு என்று வற்புறுத்தும் கோச்கள் உண்டு. உடம்பின் சமநிலைக்குப் பயிற்சியில் அது நல்லது. 800 மீட்டர் போட்டியில் இரண்டு கைக்கு ஒரு மூச்சு எடுக்கட்டும். ஆக்சிஜனில் கஞ்சத்தனம் வேண்டாம்.

2020-ல் லெடெக்கி தலையில் ஒரு கிளாஸ் சாக்லேட் பால் வைத்துச் சிந்தாமல் நீந்திய வீடியோ சுற்றியதே, அதைப் பார்த்திருப்பீர்கள். வித்தை என்று தள்ளாதீர்கள். தலை அசையாமல் இருந்தால் மற்றதெல்லாம் அதன் பின்னால் நேர்க்கோட்டில் வரும்.

டர்ன் பற்றிச் சுருக்கமாக. 50 மீட்டர் குளத்தின் அடியில் ஓடும் கோடு சுவருக்கு 2 மீட்டர் முன்னால் குறுக்குக் கோட்டோடு முடியும். அதைப் பார்த்த பிறகு எத்தனை கை என்று எண்ணிப் பழக வேண்டும், தலையைத் தூக்கிச் சுவரைத் தேடக் கூடாது. 1500-ல் 29 டர்ன். ஒவ்வொன்றிலும் 0.2 நொடி மிச்சமானால் கிட்டத்தட்ட 6 நொடி.

லெடெக்கி இத்தனை வருடம் நிலைத்ததற்குப் பயிற்சி மட்டும் காரணமில்லை, எதை விடுவது என்று தெரிந்ததும் காரணம். 2012 லண்டனில் 15 வயதில் 800-ல் 8:14.63 நீந்தித் தங்கம் வென்றார். 2015 கசான் உலக சாம்பியன்ஷிப்பில் 200 முதல் 1500 வரை நான்கையும் வென்றார். அங்கே 1500 ஃபைனல் முடிந்து அரை மணிக்குள் 200 அரையிறுதியில் குதித்தார். அது 18 வயது உடம்பு. டோக்கியோ ஒலிம்பிக்கில் ஒரே காலையில் 200 ஃபைனலில் ஐந்தாவது, அடுத்து 1500-ல் தங்கம். 400-ல் கடைசி நூறில் ஆஸ்திரேலியாவின் அரியார்ன் டிட்மஸ் தாண்டிப் போனார். அதன் பிறகு 2024 பாரிஸ் ஒலிம்பிக்குக்கு 200 தனிநபர் போட்டியை விட்டுவிட்டார், தகுதிப் போட்டியில் அதில் முதலாவதாக வந்தும்கூட. பாரிஸில் 800-ம் 1500-ம் கையில் வந்தன. 2025 மே மாதம், 28 வயதில், 800 உலக சாதனையை 8:04.12 ஆக்கினார். ரியோவில் போட்டதைவிட 0.67 நொடி குறைவு, அதற்கு எடுத்தது கிட்டத்தட்ட ஒன்பது வருடம். இன்னொன்று, பெண்களுக்கு 1500 ஒலிம்பிக்கில் வந்ததே டோக்கியோவில்தான். லண்டனிலும் ரியோவிலும் அந்தத் தூரம் ஆண்களுக்கு மட்டும். அவருடைய பதக்கக் கணக்கைப் பேசுகிறவர்கள் இதை மறந்துவிடுகிறார்கள்.

அமெரிக்காக்காரியை வைத்து நம் பிள்ளைக்கு அளவெடுப்பதா என்று கேட்பீர்கள். அவருடைய நேரத்தை வைத்து அளவெடுக்கச் சொல்லவில்லை. 200-க்கும் 800-க்கும் உள்ள இடைவெளியை மட்டும் பாருங்கள், அது எந்த வேகத்தில் நீந்துகிறவருக்கும் பொருந்தும். 12 வயதில் கையில் பேடில் (உள்ளங்கைப் பலகை) மாட்டி இழுக்க விடாதீர்கள். தோளின் முன்பக்கம் வலி என்று சொன்னால் அன்றைக்குக் கிக் (கால் உதைப்பு) மட்டும் போதும். வயதுக்கு வந்த பிறகு காரணமில்லாமல் நேரம் மோசமானால் சோம்பேறி என்று திட்டுவதற்கு முன் இரத்தத்தில் இரும்புச்சத்தைப் பாருங்கள்.

முதல் 800 போட்டிக்கு முன் ஒன்று செய்யுங்கள். 50 மீட்டர் குளத்தில் கடைசி நூறு மீட்டருக்கு 5 மீட்டர் முன்னால் அந்த லேனுக்கு மணி அடிப்பார்கள். பக்கத்து லேனின் மணியைத் தன்னுடையது என்று நினைத்து, இன்னும் 200 இருக்கும்போதே கடைசி வேகத்தைப் போட்டுத் தீர்ந்துபோன பிள்ளைகள் நிறைய. எதிர்ச் சுவரில் மிச்சம் எத்தனை நீளம் என்று காட்டும் லேப் அட்டையைத்தான் நம்ப வேண்டும் என்று சொல்லிவையுங்கள். பயிற்சியில் ஒரு நாள் மணி அடித்தும் பழக்குங்கள், வீட்டுப் பூஜை மணியே போதும்.