தோட்டம் கேள்வி-பதில்: கொண்டை ஏன் பொத்தானாக நின்றது?

கேள்வி: உச்சியில் சிவப்பு எட்டிப் பார்த்த ஆறு கோழிக்கொண்டை நாற்றுகளை நர்சரியில் வாங்கி மாடித் தொட்டியில் வைத்தேன். ஒரு மாதமாகிறது. செடி அரை அடியைத் தாண்டவில்லை, கொண்டையும் சட்டைப் பொத்தான் அளவிலேயே இருக்கிறது. என்ன உரம் போடலாம்?
(வாசகி, பெரம்பூர்)

பதில்: இனி எந்த உரமும் உதவாது. நாற்று வந்த பிளாஸ்டிக் கப்பைக் கழற்றியபோது மண்ணைச் சுற்றி வெள்ளை வேர் நூல்கண்டு போலச் சுருண்டிருந்ததா? காரணம் அதுதான். வேருக்கு இடம் போதாவிட்டாலோ, நாலு நாள் தண்ணீர் இல்லாமல் வாடினாலோ, கோழிக்கொண்டை வளர்வதை விட்டுவிட்டு அவசரமாகப் பூத்துவிடும். இந்தச் செடியின் கொண்டை என்பது நுனிக்குருத்தே பக்கவாட்டில் அகன்று மடிந்து போவதுதான். குருத்து பூவாக மாறிய பிறகு செடி உயராது. அதுவரை விட்ட இலைகளின் பலத்துக்கு ஏற்ற அளவில்தான் கொண்டை விரியும். பூ தெரிந்தால்தான் நாற்று விற்கும் என்பது விற்பவர் கணக்கு. வாங்குகிற நமக்கு அது நஷ்டம். நான்கைந்து இலையோடு, பூவே தெரியாத நாற்றாகப் பார்த்து வாங்குங்கள்.

அதைவிட, விதை போடுவது நல்லது. விதை கருப்பாக, பளபளப்பாக, கடுகைவிடப் பொடியாக இருக்கும். ஒரு கிராமில் ஆயிரத்துக்குக் குறையாது. ஒரு சிட்டிகை விதையை ஐந்து மடங்கு மெல்லிய மணலோடு கலந்து, ஈர மண் நிரப்பிய தட்டில் தூவி, மேலே விதை மறையும் அளவுக்கு மட்டும் மண் சலித்துப் போடுங்கள். பூவாளியால் ஊற்றினால் விதை ஓரத்துக்கு ஒதுங்கிவிடும். தட்டைத் தண்ணீரில் வைத்து அடியிலிருந்து ஈரம் ஏற விடுங்கள். ஒரு வாரத்தில் முளைக்கும். நாற்று நெருக்கமாக நின்று மண்ணும் சொதசொதவென்று இருந்தால், தண்டு மண்மட்டத்தில் நூலாக இளைத்து மடியும். இதுதான் நாற்றழுகல். நெருக்கத்தைக் கலைத்து, லிட்டருக்கு 10 கிராம் சூடோமோனாஸ் (நோய்ப் பூஞ்சையை அடக்கும் நல்ல பாக்டீரியாத் தூள்) கரைத்து ஊற்றுங்கள். விழுந்த நாற்று பிழைக்காது, மற்றவை தப்பும்.

மூன்று, நான்கு வாரத்தில், வேர் சுருளும் முன்பே, மாலை வேளையில் இடம் மாற்றுங்கள். 12 அங்குலப் பைக்கு ஒரு செடி, தரையில் ஓரடி இடைவெளி. செம்மண் இரண்டு பங்கு, மக்கிய தொழு உரம் ஒரு பங்கு, கழுவிய தென்னைநார்க் கழிவு ஒரு பங்கு போதும். ஆறு மணி நேர வெயில் கட்டாயம். நுனி கிள்ளாதீர்கள். இறகு போல் பூக்கும் வகையைக் கிள்ளினால் கிளை பெருகும். கொண்டை வகையில் நடுக் கொண்டை போய்விடும், பக்கக் கிளைகளில் சின்னச் சின்னதாகத்தான் வரும்.

கேள்வி: ஆயுத பூஜைக்குச் சொந்தப் பூ வேண்டும். எப்போது விதைப்பது?
(வாசகர், குன்றத்தூர்)

பதில்: விதைத்ததிலிருந்து நல்ல கொண்டைக்கு 75 முதல் 90 நாள் ஆகும். பூஜைத் தேதியிலிருந்து பின்னோக்கி எண்ணுங்கள். பெரும்பாலும் ஜூலையில் வந்து நிற்கும். மார்கழியில் விதைத்தாலும் பூக்கும், ஆனால் பகல் குறுகிய காலம் என்பதால் செடி குட்டையாக இருக்கும்போதே பூத்துவிடும்.

கேள்வி: ஆளுயரத்தில் பாதி வளர்ந்த செடிகள் மதியத்தில் துவள்கின்றன, மாலையில் நிமிர்கின்றன. தண்ணீர் ஒழுங்காகத்தான் விடுகிறோம்.
(வாசகி, மாடம்பாக்கம்)

பதில்: ஒரு செடியைப் பிடுங்கிப் பாருங்கள். வேரில் மணி மணியாக முடிச்சு இருந்தால் வேர்முடிச்சு நூற்புழு, அதாவது வேருக்குள் புகும், கண்ணுக்குத் தெரியாத மண்புழுவல்லாத நுண்புழு. கோழிக்கொண்டை இதற்கு எளிதில் இரையாகும். கத்தரி, தக்காளி, வெண்டை இருந்த மண்ணில் அடுத்து இதைப் போட்டால் அநேகமாக வரும். பாதித்த செடியை வேரோடு எடுத்துக் குப்பையில் போடுங்கள், உரக்குழியில் வேண்டாம். அந்த இடத்தில் செண்டுமல்லி ஒரு போகம் வையுங்கள். அடுத்த நடவில் குழிக்கு ஒரு கைப்பிடி வேப்பம் பிண்ணாக்கு போடலாம். முடிச்சு இல்லாமல் வேர் பழுப்பாக, கிள்ளினால் தோல் உரிந்து வந்தால் அது வேரழுகல்: தண்ணீர் அதிகம், வடிகால் குறைவு.

கேள்வி: போன ஐப்பசி மழையில் கொண்டைகள் கருத்து அழுகின. இந்தத் தடவை எப்படிக் காப்பது? விதை எடுக்கவும் ஆசை.
(வாசகர், கொளத்தூர்)

பதில்: கொண்டையின் மடிப்புகளில் நிற்கும் தண்ணீர்தான் எமன். அடைமழை நாளில் தொட்டியைச் சன்ஷேடுக்கு அடியில் நகர்த்துங்கள். தரையில் இருந்தால் பாத்தியை முக்கால் அடி உயர்த்துங்கள். நனைந்த கொண்டையைச் சாய்த்து உதறிவிடுவதும் பலன் தரும். தலை கனம் கூடி ஒடியும் செடிக்கு ஒரு குச்சி ஊன்றிக் கட்டுங்கள்.

விதையைக் கொண்டையின் உச்சியில் தேடாதீர்கள். அங்கே வெறும் வெல்வெட்தான். நிஜப் பூக்கள் கீழ்ப்பக்கத்து ஓரங்களில் இருக்கும். அந்தப் பகுதி வைக்கோல் நிறமாகிக் காய்ந்ததும் வெட்டி, வெள்ளைத் தாளின் மேல் தேயுங்கள். கருப்புப் பொடி கொட்டும். உமியை மெல்ல ஊதிவிட்டுக் காகித உறையில் வையுங்கள். ஹைபிரிட் விதையில் வந்த செடியானால் பிள்ளைகள் தாயைப் போல் இருக்காது. பக்கத்தில் இறகு வகை இருந்தாலும் கலப்பு வரும். கொண்டை வராத செடியைத் தெரிந்த அன்றே பிடுங்குவதுதான் வழி.

கேள்வி: இதன் இலையைக் கீரையாகச் சமைக்கலாமா?
(வாசகி, திருவான்மியூர்)

பதில்: சமைக்கலாம். நம் பண்ணைக்கீரையும் இதுவும் ஒரே இனம். பூ வைக்கும் முன் இளம் இலையாகப் பறியுங்கள். நர்சரியில் வாங்கிய செடியை மட்டும் தொடாதீர்கள், என்ன மருந்து அடித்தார்கள் என்று நமக்குத் தெரியாது.